வேணாம் என்று பேர் வைத்த ஃபைல்கள்

உன் கம்ப்யூட்டரின் பக்கத் தகட்டைக் கழற்றியதும் நூல் தூசி பறந்து என் மூக்கில் ஏறியது. சிவப்பு, பச்சை, அரக்கு, ஜரிகைத் துணுக்கு என்று நீ இத்தனை வருஷம் எம்பிராய்டரி மிஷினில் ஓட்டிய நிறமெல்லாம் விசிறியைச் சுற்றிக்கொண்டு கிடந்தது. கூடவே மிஷின் எண்ணெய் வாசனை. அந்த வாசனைக்கு எனக்கு அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. பொட்டியை மிஷினுக்குப் பக்கத்தில் வைக்காதே, தள்ளி வை என்று எத்தனை தடவை சொல்லியிருப்பேன்? "அதுக்கும் காத்து வேணாமாடி?" என்பாய். காற்றோடு சேர்த்து நூலையும் தின்றுகொண்டிருந்திருக்கிறது உன் பொட்டி.

பிரஷ்ஷால் தட்டிச் சுத்தம் செய்து, விழுப்புரத்தில் என் சர்வீஸ் கடை மேஜையில் வைத்து, கரண்ட் கொடுத்தேன். உன் எம்பிராய்டரி சாஃப்ட்வேரைத் திறந்தேன். டொங் என்று ஒரு சத்தம், திரை நடுவில் ஒரு சின்னப் பெட்டி. சாஃப்ட்வேரைத் தொடங்க முடியவில்லை, இன்ன டிஎல்எல் ஃபைலைக் காணவில்லை, மறுபடி இன்ஸ்டால் செய்து பாருங்கள். கீழே ஒரே ஒரு பொத்தான், ஓகே. காணவில்லை என்று சொல்வதற்கு நான் ஓகே சொல்ல வேண்டுமாம். என்ன ஓகே? எனக்கு எதுவும் ஓகே இல்லை.

எதிர் நாற்காலியில் உன் மகள் கீர்த்தனா. திண்டிவனத்திலிருந்து பஸ்ஸில், உன் போர்வையில் பொட்டியைச் சுற்றி மடியில் வைத்துக்கொண்டே வந்திருந்தாள். விக்கிரவாண்டி தாண்டி ஒரு வேகத்தடையில் பஸ் தூக்கிப் போட்டதில், அவள் தலை இடித்தாலும் பொட்டி இடிக்கவில்லை என்று பெருமையாகச் சொன்னாள்.

நீ போன பிறகு நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். கல்யாணத்தைத் தள்ளி வைக்கலாமா என்று ஒரு பேச்சு வந்தது. சாவு விழுந்த வீட்டில் வருஷம் திரும்புவதற்குள் நல்லது நடந்துவிட வேண்டும் என்று உங்கள் பெரியவர்கள் சொல்லிவிட்டார்கள். நாள் மாறவில்லை. முகூர்த்தப் புடவை வந்துவிட்டது. ரவிக்கைத் துணி மட்டும் வெறுமையாகக் கிடக்கிறது. அதற்கான டிசைனை நீ கம்ப்யூட்டரில் வரைந்து வைத்தாய், ஆனால் யாருக்கும் காட்டவில்லை. கீர்த்தனா உள்ளே வந்தாலே திரையைச் சுருக்கிவிடுவாயாம். "கல்யாணத்தன்னிக்கு கண்ணாடில பாத்துக்கோ, இப்ப போ" என்பாயாம். பிறகு காய்ச்சல் என்று ஆஸ்பத்திரிக்குப் போனாய். அப்படியே போய்விட்டாய்.

போகிறவள் ஒரு வேலை செய்திருக்கலாம். டிசைனை மிஷினுக்குப் புரிகிற தையல் ஃபைலாக மாற்றி வைத்திருக்கலாம். அது இருந்திருந்தால் எந்த எம்பிராய்டரி கடையிலும் கொடுத்து ஓட்டிவிடுவோம். நீ வைத்திருந்தது உன் சாஃப்ட்வேருக்கு மட்டுமே புரிகிற வரைவு. அந்த சாஃப்ட்வேர் எழுந்தால்தான் டிசைன், டிசைன் வந்தால்தான் ரவிக்கை. வெள்ளிக்கிழமைக்குள் துணி தையலுக்குப் போயாக வேண்டும்.

"வேற டிசைன் போட்டுக்கலாம்னு அப்பா சொல்றாரு அத்தை. எல்லா கடையிலயும் மயிலு இருக்குதாம்," என்றாள் கீர்த்தனா. "அம்மா போட்டது இல்லன்னா நான் ப்ளெய்ன் ரவிக்கையே போட்டுக்கினு மணையில உக்காந்துடுவேன். யாரு இன்னா சொன்னாலும் சரி."

மறுபடி இன்ஸ்டால் செய் என்று எர்ரர் பெட்டி சுலபமாகச் சொல்லிவிட்டது. எதை வைத்துச் செய்வது? உனக்கு சாஃப்ட்வேர் போட்டுக் கொடுத்த ஏஜெண்ட் கடையை மூடிவிட்டு எங்கே போனாரோ தெரியவில்லை. சிடியும் இல்லை. இருப்பதை வைத்துத்தான் எழுப்ப வேண்டும்.

இத்தனை வருஷம் ஓடிய சாஃப்ட்வேர் திடீரென்று ஒரு ஃபைலை எப்படித் தொலைக்கும்? உன் வீட்டுக்காரருக்கு போன் போட்டேன்.

"நான் ஒண்ணும் பண்ணலம்மா," என்று ஆரம்பித்தார். என் கடைக்கு வருகிற எல்லாரும் இப்படித்தான் ஆரம்பிக்கிறார்கள். "பொட்டி ஸ்லோவா இருந்துச்சி. வேண்டாததை எடுத்துடலாம்னு உள்ள போய்ப் பாத்தேன். ஒரே பேரு, வருஷம் மட்டும் மாறி மாறி, வரிசையா இருந்துச்சிம்மா. ஒரே சாமான் எதுக்கு இத்தினின்னு, புதுசை மட்டும் வெச்சிக்கினு பழசையெல்லாம் தூக்கிட்டேன்."

தலையில் அடித்துக்கொண்டேன். "ஏங்க, அதையெல்லாம் உங்களை யாருங்க எடுக்கச் சொன்னது?"

"யாரும் சொல்லலம்மா. அவ எதையும் தூக்கிப் போட மாட்டா, ஒனக்குத் தெரியும். ஊடு பூரா அவ சாமான்தான். எங்கியாச்சும் ஒரு எடத்துல ஆரம்பிக்கணுமேன்னு..." என்றார்.

திட்டுவதற்கு வாய் நிறைய வைத்திருந்தேன், திட்ட முடியவில்லை. சரிங்க, நான் பாத்துக்கிறேன் என்று வைத்துவிட்டேன். அந்தக் கோபத்தையும் உன் கணக்கில்தான் எழுதியிருக்கிறேன்.

முதல் தடவை இப்படி ஒரு பெட்டி வந்தபோது நீ எனக்கு போன் செய்தது ஞாபகம் இருக்கிறதா? திண்டிவனம் பஸ் ஸ்டாண்டு பக்கத்து மாடியில் நாம் இரண்டு பேரும் கம்ப்யூட்டர் கோர்ஸ் முடித்து, நான் விழுப்புரத்தில் வாழ்க்கைப்பட்டு சர்வீஸ் கடை வைத்திருந்தேன். நீ அங்கேயே எம்பிராய்டரி மிஷின் போட்டிருந்தாய்.

"ஏய், பொட்டி கோச்சிக்கிச்சிடி."

"இன்னா சொல்லுது?"

"ஏதோ இல்லன்னு சொல்லிச்சி."

"எது இல்லன்னு?"

"தெரியல. ஓகே அடிச்சிட்டேன்."

இதுதான் நீ. கடைசி வரைக்கும் இதுதான். அது என்ன கேட்கிறது என்று படிப்பதற்கு முன்னால் உன் விரல் ஓகேயை அடித்துவிடும். மறுபடி திறக்கச் சொல்லி, ஒவ்வொரு எழுத்தாகப் படிக்கச் சொல்லி, "எம்மு, எஸ்ஸு, அப்பறம் வி, இல்ல இல்ல, இரு" என்று நீ தடுமாறி, நடுவில் யாரோ ரவிக்கை கேட்டு வர, "ஒரு நிமிசம் இருடி" என்று போனை மேஜையில் வைத்துவிட்டுப் போய்விடுவாய். நான் இந்தப் பக்கம் உன் மிஷின் ஓடுகிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பேன்.

அன்றைக்கு உனக்குப் பொறுமையாகத்தான் சொன்னேன். எல்லா சாஃப்ட்வேருக்கும் பொதுவான வேலைகள் சில உண்டு. அதை ஒவ்வொன்றும் தனித்தனியாகச் சுமந்துகொண்டு வராது. பொதுவான ஒரு ஃபைலில் எழுதி, பொது இடத்தில் வைத்துவிடுவார்கள். எந்த சாஃப்ட்வேருக்குத் தேவையோ அது அங்கே போய் வேலையை வாங்கிக்கொள்ளும். அந்த ஃபைல் போய்விட்டால், அதை நம்பியிருந்த எல்லாம் படுத்துவிடும். நீ கொஞ்சம் யோசித்துவிட்டு, "எங்கூரு மாவு மில்லு" என்றாய். ஓமந்தூர் பக்கத்து உங்கள் கிராமத்தில் ஊருக்கே ஒரு மில்தான் அப்போது. "ஊட்டுக்கு ஊடு மிஷினா வெச்சிருந்தோம்? தூக்கிக்கினு போய் அரைச்சிக்கினு வருவோம். மில்லு சாத்தினா ஊருக்கே இட்லி கெடையாது."

அதேதான் என்றேன். பழைய சாஃப்ட்வேர் பழைய வருஷத்து ஃபைலைத்தான் கேட்கும், புதுசைக் கொடுத்தால் தொடாது, அதனால்தான் ஒரே பேரில் வருஷம் மாறி மாறி இருக்கும், எதையும் எடுத்துவிடாதே என்றும் சொன்னேன். "மொளகா அரைச்ச மிஷின்ல எவடி இட்லிக்கு அரைப்பா?" என்றாய். எனக்கே அத்தனை தெளிவாகச் சொல்ல வந்திருக்காது. அதை ஒரு தடவை உன் வீட்டுக்காரரிடமும் சொல்லியிருக்கக் கூடாதா?

புரிந்தது என்னவோ புரிந்தது. செய்தது என்ன? நான் சொன்னது, எந்த ஃபைல் காணவில்லையோ அது எந்தத் தொகுப்பைச் சேர்ந்தது என்று பார்த்து, அதைச் செய்தவர்களின் சொந்தத் தளத்திலிருந்து முழுத் தொகுப்பையும் இறக்கிப் போட வேண்டும். நீ செய்தது, ஃபைல் பேரைத் தேடி, எவனோ ஒருத்தன் இலவசமாகத் தருகிற இடத்தில் ஒற்றை ஃபைலை எடுத்து, சாஃப்ட்வேர் இருக்கிற ஃபோல்டரில் பக்கத்திலேயே போட்டுவிடுவது. "ஃபைலு இல்லன்னு சொல்லுது, ஃபைலைப் போட்டாச்சி. ஒனக்கு இன்னாடி பேஜாரு?" என்று என்னையே கேட்பாய். ஒரு தடவை அப்படி எடுத்த ஃபைலோடு வேறு ஏதோ உள்ளே புகுந்து, திரை முழுக்க ரம்மி விளம்பரம் வந்தது. நான் கடையைப் பூட்டிவிட்டு பஸ் பிடித்து வந்தேன். இன்னொரு தடவை முப்பத்திரண்டு பிட் ஃபைலை, பேரில் முப்பத்திரண்டு இருக்கிற ஃபோல்டரில் போட்டுவிட்டாய். அந்தப் பேர் பழைய காலத்திலிருந்து ஒட்டிக்கொண்டது, இப்போது அதற்குள் இருப்பதெல்லாம் அறுபத்துநாலு பிட் ஃபைல்கள் என்று நான் கத்த, "பேர்லயே எழுதியிருக்குடி! நான் படிச்சதே அபூர்வம், படிச்சதும் தப்பா?" என்று நீ கத்த, வாசலில் நின்ற வாடிக்கைக்காரம்மா நாம் சொத்துத் தகராறு பண்ணுகிறோம் என்று நினைத்துத் திரும்பிப் போய்விட்டாள்.

எதையும் அழிக்கவும் மாட்டாய். அழி என்றால், பேருக்குப் பின்னால் venam என்று அடித்து வைப்பாய். உன் பொட்டி முழுக்க அந்த வேணாம்கள்தான். "அழிச்சிட்டா போச்சிடி. வேணாம்னு எழுதி வெச்சா, என்னிக்காவது வேணும்னா கெடைக்கும்." உன்னைக் கிண்டல் செய்யாத நாள் கிடையாது எனக்கு.

சரி, இந்தத் தடவை என் முறைப்படி நடக்கட்டும் என்று உட்கார்ந்தேன். காணாமல் போன ஃபைல் எந்த வருஷத்துத் தொகுப்பு என்று பார்த்தேன். முழுத் தொகுப்பையும் இறக்கி, போட்டு, பொட்டியை அணைத்து மறுபடி ஏற்றினேன். "பாரு, இப்ப வரும்," என்று கீர்த்தனாவிடம் சொல்லிவிட்டுத் திறந்தேன். டொங்.

இது வேறு பெட்டி. ஃபைலைக் காணவில்லை என்று சொல்லவில்லை. இன்ன ஃபைலுக்குள் நான் தேடுகிற இன்ன வேலையைக் காணவில்லை என்றது. அதாவது ஃபைல் இருக்கிறது, பேர் சரி, ஆள் தப்பு. அப்போதே புரிந்துவிட்டது எனக்கு. சாஃப்ட்வேர் எப்போதும் முதலில் தன் சொந்த ஃபோல்டரில்தான் தேடும். அங்கே அந்தப் பேரில் எது கிடைத்தாலும் எடுத்துக்கொள்ளும், பொது இடத்தை எட்டிக்கூடப் பார்க்காது. நான் பொது இடத்தில் சரியானதை வைத்து என்ன பிரயோஜனம்? யாரோ வீட்டுக்குள்ளேயே தப்பான ஒன்றைக் கொண்டுவந்து போட்டிருக்கிறார்கள்.

யாரோவா? நீதான்! ஃபோல்டரைத் திறந்தேன். எதிர்பார்த்தபடியே, எங்கோ தெருவில் பொறுக்கிய ஃபைல் ஒன்று நடுவில் உட்கார்ந்திருந்தது. வந்ததே எனக்கு! உன் மகள் எதிரில் இருக்கிறாள் என்றுகூடப் பார்க்கவில்லை. "தலைபாடா அடிச்சிக்கினேனே, கேட்டாளா? போய்ச் சேந்தும் என் உயிரை வாங்கறா பாரு!" என்று வாய்விட்டுக் கத்திவிட்டேன்.

கத்திக்கொண்டே அந்த ஃபைல் உருவான தேதியைப் பார்த்தேன். போன வாரத்துத் தேதி. உன் காரியம் முடிந்து மாதங்கள் ஆகிவிட்டன.

ஒரு கணம், ஒரே ஒரு கணம், நீதான் வந்து போட்டுவிட்டுப் போயிருக்கிறாய் என்று நினைத்துவிட்டேன். கம்ப்யூட்டரைப் பிரித்து மேய்கிறவள் நினைக்கிற நினைப்பா அது? ஆனால் நினைத்தேன். சந்தோஷமாகவும் இருந்தது.

"அத்தை," என்றாள் கீர்த்தனா. குரல் உள்ளே போயிருந்தது. "அது நான் போட்டது."

"நீயா?"

"மொதல்ல வேற ஒரு ஃபைலு இல்லன்னுதான் வந்துச்சி. நெட்டுல தேடிப் போட்டேன். அப்பறம் இன்னொண்ணு இல்லன்னு கேட்டுச்சி. அதுக்கு மேல தெரியல, இங்க எடுத்துக்கினு வந்துட்டேன். சொன்னா திட்டுவீங்கன்னுதான் சொல்லல." மூக்கை உறிஞ்சிக்கொண்டாள். "அம்மா இப்டித்தான பண்ணுவாங்க? பக்கத்துல உக்காந்து பாத்துக்கினேதான இருப்பேன்."

நான் என்ன சொல்வது, நீயே சொல். நல்லதாக நாலு விஷயம் இருந்தது உன்னிடம். நூல் கலர் பார்க்கிற கண், கணக்குச் சொல்கிற வேகம், யாரையும் சிரிக்க வைக்கிற வாய். அத்தனையையும் விட்டுவிட்டு, நான் இருபது வருஷம் திட்டியும் திருத்த முடியாத அந்த ஒரு கெட்ட பழக்கத்தை உன் மகள் அப்படியே எடுத்துக்கொண்டிருக்கிறாள். எனக்கு இன்னொரு இருபது வருஷத் தலைவலி.

அந்த ஃபைலை அழிக்க வேண்டும். ஒரு பொத்தான், அவ்வளவுதான். நான் தினமும் நூறு அழிக்கிறவள். விரலைக் கொண்டுபோனேன். உன்னைப் பார்த்துப் பார்த்து, உன்னைப் போலவே இந்தப் பெண் போட்டு வைத்த ஃபைல் அது. அது தப்பான ஃபைல், ஒன்றுக்கும் உதவாது, எனக்குத் தெரியும். பேர் மாற்றுகிற இடத்துக்குப் போய், பின்னால் venam என்று அடித்தேன்.

"நீங்களுமா அத்தை?" என்றாள் கீர்த்தனா.

"வாயை மூடிக்கினு இரு," என்றேன்.

பேர் மாறியதும் சாஃப்ட்வேருக்கு அது கண்ணில் படவில்லை. பொது இடத்துக்குப் போய், நான் வைத்திருந்த சரியான ஃபைலை எடுத்துக்கொண்டது. டொங் என்று வரும் என்று பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். வரவில்லை. உன் சாஃப்ட்வேர் திறந்தது, நீ கடைசியாக விட்ட அளவில், உன் நூல் கலர் வரிசையோடு.

கல்யாண டிசைன் ஃபோல்டரைத் தேடித் திறந்தோம். மயில் வேணாம். யானை வேணாம். மாங்கா வேணாம். மறுபடியும் ஒரு மயில், அதுவும் வேணாம். ஊரில் இருக்கிற மயிலெல்லாம் என் மிஷினில்தான் உட்கார்ந்திருக்கிறது என்று நீ சலித்துக்கொள்வது எனக்குக் கேட்டது. கடைசியில் ஒன்றே ஒன்று மட்டும் வேணாம் இல்லாமல் இருந்தது. "நீயே தொற," என்று மவுஸை உன் மகள் பக்கம் தள்ளினேன்.

முதுகுப் பக்கக் கழுத்துக்குக் கொடி. பச்சையில் நாலு நாலாகச் சின்னச் சின்ன இலைகள், நடுநடுவே மஞ்சள் பூ. எந்தப் பூ என்று எனக்குப் பிடிபடவில்லை. கொடியிலிருந்து கீழே இறங்கிய மெல்லிய கோடுகளின் நுனியில் ஜரிகையில் தொங்குவது முத்து என்று முதலில் நினைத்தேன். கீர்த்தனா பெரிதாக்கினாள். முத்து இல்லை. நடுவில் இடுப்பு ஒடுங்கி, மேலே வலை வலையாகக் கோடு போட்ட வேர்க்கடலை, நம்ம பக்கத்துப் பேச்சில் மல்லாட்டை.

அவள் வாயைப் பொத்திக்கொண்டாள். உங்கள் நிலத்தில் மல்லாட்டை பிடுங்குகிற சமயத்தில் பிறந்தவள் என்று, அவளுக்குப் பேர் வைத்த பிறகும் நீ மல்லாட்டை என்றுதானே கூப்பிடுவாய்? காலேஜ் வாசலில் எல்லார் எதிரிலும் அப்படிக் கூப்பிட்டாய் என்று ஒரு வாரம் உன்னோடு பேசாமல் இருந்தாளே, அந்தப் பெண் இப்போது திரையைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தாள்.

"கூப்புடாதன்னு சொன்னதுக்கு, முதுவுலயே எழுதி அனுப்பறாங்க பாருங்க அத்தை," என்றாள். சிரித்தாள், அப்புறம் மேஜையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டாள். நான் என் பங்குக்கு டிசைனைத் தையல் ஃபைலாக மாற்றி, ஒன்றுக்கு மூன்று இடத்தில் சேமித்தேன். உன்னை நம்ப முடியாது.

கீர்த்தனா பொட்டியோடு திண்டிவனம் திரும்பிய பிறகு, வியாழக்கிழமை காலை என் போனில் உன் பேர் வந்தது. உன் எம்பிராய்டரி கடைக்கு இன்னும் உன் நம்பர்தான், கீர்த்தனா அதை மாற்றவில்லை. எடுத்தேன். பின்னால் உன் மிஷின் ஓடி ஓடி நிற்கிற சத்தம்.

"அத்தை, பாதிக் கொடி வந்துடுச்சி, சூப்பரா இருக்கு. ஆனா பொட்டி கோச்சிக்கிச்சி."

"இன்னா சொல்லுது? ஒண்ணையும் தொடாத. முழுசா படி."

"ஐயோ அத்தை," என்றாள். "ஓகே அடிச்சிட்டேன்."

திட்டினேன். அடுத்த கடைக்காரர் எட்டிப் பார்க்கிற அளவுக்கு, மூச்சு வாங்க, வாய் வலிக்கத் திட்டினேன். அந்தப் பக்கம் அவள் போனை வைக்காமல் கேட்டுக்கொண்டே இருந்தாள். எத்தனை மாதமாயிற்று, இப்படித் திட்ட எனக்கு ஆள் இல்லாமல்.